ஊர் இல்லாக் குறிஞ்சியும் ஊர் காத்த மகளும்: 'அன்சார்ட்டட்: தி லாஸ்ட் லெகசி' ஒரு மறுமதிப்பீடு

முன்னுரை

நாட்டார் வழக்காறு, திரைப்படம், தொலைக்காட்சித் தொடர் என ஒவ்வொன்றாகத் தமிழாய்வின் எல்லைக்குள் இடம்பெற்றுவிட்டன. வீடியோ விளையாட்டோ இன்னும் அவ்வெல்லையின் வாயிலிலேயே நிற்கிறது. குறிப்பாக, துப்பாக்கியால் சுடுதலை முதன்மைச் செயலாகக் கொண்ட விளையாட்டுகள் திறனாய்வுக்கு உரியன அல்ல என்னும் தயக்கம் நம்மிடையே உண்டு. நம் மாணவருள் பலர் கதை கேட்கும் இடங்களுள் ஒன்றாக இவ்விளையாட்டுகள் ஆகிவிட்ட நிலையில் இத்தயக்கம் நீங்க வேண்டும். அவர்கள் பேளூரையும் ஹளேபீட்டையும் வரலாற்று நூலில் காண்பதற்கு முன்னரே விளையாட்டுத் திரையில் கண்டுவிட இன்று வாய்ப்புண்டு.

அத்தகையதொரு விளையாட்டே 'அன்சார்ட்டட்: தி லாஸ்ட் லெகசி'. அமெரிக்காவின் நாட்டி டாக் நிறுவனம் உருவாக்க, சோனி நிறுவனம் 2017 ஆகஸ்டில் பிளேஸ்டேசன் 4 கருவிக்கென இதனை வெளியிட்டது. மேற்குத் தொடர்ச்சி மலையும் போசளர் (ஹொய்சளர்) தலைநகரங்களும் இதன் களங்கள். பெங்களூரிலிருந்து ஏறத்தாழ 220 கிலோமீட்டர் தொலைவில், பேருந்தில் சென்று திரும்பத்தக்க ஊர்களை உலகின் பார்வைக்குப் 'புதைந்த நகரங்கள்' எனக் காட்டிய படைப்பு இது. இவ்வரிசையின் பிற ஆட்டங்களைப் பற்றிப் பேசுவோர் இதனை ஓர் இடைச்செருகலாகக் கருதிக் கடந்துவிடுகின்றனர். நம்மவர் இதனைப் பேசப் புகின், வரலாற்றுப் பிழைகளைச் சுட்டிக் காட்டுவதோடு நின்றுவிடுகின்றனர்.

இவ்விரு நிலைகளும் போதா என்பது இக்கட்டுரையின் கருத்து. இவ்வாட்டத்தின் பெருங்குறை அதன் மலைநிலத்தில் மக்கள் இல்லாமை. அதன் பெருஞ்சிறப்பு, அக்குறையை அதன் கதையே உணர்ந்து இறுதியில் மக்களிடம் திரும்பி வருதல். குறையும் சிறப்பும் ஒரே புள்ளியில் பிறக்கின்றன என்பதனைத் தமிழ்த் திணைக் கோட்பாட்டின் துணைகொண்டு நிறுவ இக்கட்டுரை முயல்கிறது.

1. வரிசையில் இவ்வாட்டத்தின் இடம்

'அன்சார்ட்டட்' வரிசையின் முதல் ஆட்டம் 2007 இல் வெளிவந்தது. தொடர்ந்து 2009, 2011, 2016 ஆகிய ஆண்டுகளில் முதன்மை ஆட்டங்கள் மூன்று வெளிவந்தன. நான்கிற்கும் தலைவன் நேதன் டிரேக் என்னும் புதையல் வேட்டையன். பாழடைந்த நகரங்களைத் தேடிச் செல்லுதல், பாறைகளிலும் சுவர்களிலும் ஏறுதல், புதிர்களை விடுவித்தல், எதிர்ப்படும் படையினரைச் சுட்டு வீழ்த்துதல் ஆகிய நான்கும் இவ்வரிசையின் மாறாத கூறுகள்.

'தி லாஸ்ட் லெகசி' முதலில் நான்காம் ஆட்டத்தின் கூடுதல் பகுதியாகவே திட்டமிடப்பட்டுப் பின்னர்த் தனி ஆட்டமாக விரிந்தது. இதற்கு வரிசை எண் இல்லை. ஒன்பது இயல்களே கொண்ட இதன் அளவும் சிறிது. தலைவனாகிய டிரேக்கும் இதில் தோன்றுவதில்லை. இதன் புறக்கணிப்புக்கு இம்மூன்றும் காரணங்களாயின. 2022 இல் நான்காம் ஆட்டத்தோடு ஒரே தொகுப்பாக இது மறுபடியும் வெளியிடப்பட்டபோதும் துணைப்பகுதி போன்றே நோக்கப்பட்டது.

டிரேக்கின் இடத்தில் இரு பெண்கள் வருகின்றனர். ஒருத்தி, இரண்டாம் ஆட்டத்தில் துணைமாந்தராக அறிமுகமான குளோயி ஃபிரேசர். மற்றொருத்தி, நான்காம் ஆட்டத்தில் எதிர்நிலையில் நின்ற தென்னாப்பிரிக்கக் கூலிப்படைத் தலைவி நதீன் ராஸ். துணைமாந்தரைத் தலைமாந்தராக்கும் இம்முறை நமக்குப் புதிதன்று. காப்பிய மரபில் கோவலன் கதையின் தொடர்ச்சி அவன் மகள் மணிமேகலையின் கதையாக விரிந்ததனை இங்கு நினையலாம். அங்கும் தந்தையின் கதையை மகள் அப்படியே தொடரவில்லை; அதற்கு வேறொரு பொருளைத் தருகிறாள். குளோயியின் கதையும் அத்தகையதே.

2. கதைக்கட்டு

குளோயியின் தந்தை இந்தியர். போசளரின் யானைமுகக் கடவுள் தந்தத்தைத் தேடுவதிலேயே வாழ்நாளைக் கழித்த தொல்லியலாளர். மனைவியும் மகளும் அயல்நாட்டிற்குச் சென்றுவிட, அவர் தம் தேடலிலேயே தங்கிக் கொள்ளையர் கையால் இறந்தார். பல்லாண்டுகளுக்குப் பின்னர் அதே தந்தத்தைத் தேடி மகள் வருகிறாள். அவள் வருவது பணத்திற்காக என்பது வெளிப்படை. தந்தைக்காக என்பது உள்ளுறை.

உள்நாட்டுப் போர் நிகழும் நகரமொன்றின் கடைத்தெருவில் ஆட்டம் தொடங்குகிறது. அங்கு மீனு என்னும் சிறுமியைக் குளோயி சந்திக்கிறாள். பின்னர் நதீனோடு சேர்ந்து மலைநாட்டிற்குள் நுழைகிறாள். கிளர்ச்சிப் படைத் தலைவன் ஆசவ் அதே தந்தத்தைத் தேடுகிறான். ஹளேபீட்டில் இருப்பதாக நம்பப்பட்ட தந்தம் உண்மையில் பேளூரில் மறைக்கப்பட்டது எனக் கதை செல்கிறது. தந்தத்தைக் கைப்பற்றும் ஆசவ், அதனை விலையாகக் கொடுத்து வெடிகுண்டு ஒன்றைப் பெறுகிறான். அக்குண்டைத் தொடர்வண்டியில் ஏற்றி நகரத்தின்மீது செலுத்துவதே அவன் திட்டம். தப்பிச் செல்ல வழியிருந்தும் குளோயி தொடர்வண்டியைத் தடுக்கச் செல்கிறாள். நதீன் உடன் செல்கிறாள். நகரம் காக்கப்படுகிறது.

நகரம், மலை, நகரம் என்னும் இவ்வமைப்பு கருதத்தக்கது. ஆட்டத்தைப் புகழ்ந்தோர் பெரும்பாலும் நடுப்பகுதியையே புகழ்ந்தனர். நான்காம் இயலில் விரியும் மலைவெளி, ஜீப்பில் ஏறி விரும்பிய திசையில் செல்லத்தக்கதாக, இவ்வரிசையிலேயே மிகப் பரந்ததாக அமைந்தமை அதற்குக் காரணம். எனினும், இவ்வாட்டத்தின் பொருண்மை முதலிலும் முடிவிலும் உள்ள நகரத்திலேயே தங்கியுள்ளது.

3. போசளர்: வரலாறும் புனைவும்

பிழைகளை முதலில் பேசிவிடுதல் நேர்மையாகும். ஹளேபீடு என்னும் பழைய தோரசமுத்திரம் அடர்காட்டில் அருவிகளுக்கிடையே மறைந்த நகரம் அன்று. ஹாசன் மாவட்டத்தில், மலைநாடும் சமவெளியும் கலக்கும் பகுதியில், வயல்களுக்கு நடுவே உள்ள ஊர் அது. அங்கிருந்து பேளூர் ஏறத்தாழ 16 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. விட்டுணுவர்த்தனன் காலத்தில் 1117 இல் எழுப்பப்பட்ட பேளூர்ச் சென்னகேசவர் கோயிலில் இன்றும் வழிபாடு நிகழ்கிறது. 2023 இல் பேளூர், ஹளேபீடு, சோமநாதபுரம் ஆகிய ஊர்க் கோயில்களை யுனெஸ்கோ உலக மரபுச் சின்னங்களாக அறிவித்தது. தொலைந்துபோன மரபு எனத் தலைப்பிடப்பட்ட ஆட்டம், தொலையாத ஒன்றைத் தொலைந்ததாகக் காட்டுகிறது.

இரண்டாவது பிழை அளவு பற்றியது. மலையளவு உயர்ந்த சிலைகளும் பாறைக் கோட்டைகளும் ஆட்டத்தில் நிறைந்துள்ளன. போசளர் கலையின் உயிரோ நுண்மையில் உள்ளது. மென்மையான மாக்கல்லில் அணிகலனின் மணியையும் கொடியின் நரம்பையும் செதுக்கிக் காட்டியவர்கள் அச்சிற்பியர். அக்கலை அருகே நின்று காணும் கண்ணுக்கானது. ஆட்டத்தின் கட்டடமோ ஏறும் கைக்கும் தாவும் காலுக்குமானது. ஊடகத்தின் தேவை கலையின் இயல்பை மாற்றிவிட்டது எனலாம்.

மூன்றாவது, பெயர் பற்றியது. இடைக்கால இந்தியச் சிற்பியருள் பலர் பெயர் தெரியாமல் மறைந்திருக்க, போசளச் சிற்பியர் பலர் தம் பெயரைச் சிற்பங்களின் அடியில் பொறித்துச் சென்றனர். பேளூரில் தாசோஜன், அவன் மகன் சாவணன், சோமநாதபுரத்தில் மல்லிதம்மன் ஆகியோர் பெயர்கள் இன்றும் படிக்கக் கிடைக்கின்றன. ஆட்டத்தின் புதிர்களோ சிலைகளை இடம் மாற்றுதல், நிழல்களைப் பொருத்திச் சித்திரமாக்குதல் ஆகிய வழிகளில் அமைந்துள்ளன. கல்வெட்டைப் படித்தறிதலே போசளரை அறியும் வாயில் எனும்போது, அவ்வாயில் இங்குத் திறக்கப்படவில்லை.

நான்காவது, எல்லை பற்றியது. தமிழாய்வாளர்க்கு இது மிக நெருங்கியது. போசளர் கன்னட நாட்டோடு நின்றவர் அல்லர். பதின்மூன்றாம் நூற்றாண்டில் சோழர்க்குத் துணையாக வந்து, திருவரங்கத்தை அடுத்த கண்ணனூரில் அரசிருக்கை அமைத்தனர். சோமேசுவரனுக்குப் பின் அவன் மகன் இராமநாதன் தமிழ்ப் பகுதிகளை ஆண்டான். மூன்றாம் வல்லாளன் திருவண்ணாமலையில் தங்கி ஆட்சி செய்து, மதுரைச் சுல்தானியரோடு நிகழ்த்திய போரில் 1343 அளவில் உயிரிழந்தான். பெங்களூரின் தொம்மலூர்ச் சொக்கநாதர் கோயில் முதலியவற்றில் உள்ள தமிழ்க் கல்வெட்டுகள் இக்கூட்டு வரலாற்றின் சான்றுகள். புறநானூற்றின் 201 ஆம் பாடலில் கபிலர் பாடும் இருங்கோவேளின் துவரைத் தொன்மையையும், புலியைக் கடிந்தோன் என்னும் பொருள்படும் அவன் பெயரையும் புலியைக் கொன்ற சளன் பற்றிய போசளர் தொன்மத்தோடு இணைத்து நோக்கியோர் உண்டு. துவரை என்பது துவாரகையா தோரசமுத்திரமா என்பதிலும், கால இடைவெளியிலும் கருத்து வேறுபாடு உண்டெனினும், இவ்விணைப்பு எழுந்தமையே இரு மொழியாளரின் நினைவும் ஒன்றோடொன்று பின்னியது என்பதனைக் காட்டும். இப்பின்னலை ஆட்டம் அறியவில்லை. யானைமுகக் கடவுள் ஒருவரையே மையமாக்கியதால், திருமால் கோயிலும் சிவன் கோயிலும் சமணப் பள்ளியும் அருகருகே நின்ற தோரசமுத்திரத்தின் சமயப் பன்மையும் மறைந்துவிடுகிறது.

4. ஊர் இல்லாக் குறிஞ்சி

இப்பிழைகள் அனைத்திற்கும் அடியில் ஒரு பொதுக் காரணம் உண்டு. அதனைக் காணத் திணைக் கோட்பாடு உதவுகிறது.

தொல்காப்பியம் முதற்பொருளாக நிலத்தையும் பொழுதையும் கூறும். கருப்பொருளாகத் தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை, பறை, தொழில், யாழ் முதலியவற்றைச் சுட்டும். பிற்காலத்து நாற்கவிராச நம்பி இதனைப் பதினான்காக விரித்து, உயர்ந்தோர், அல்லோர், ஊர், நீர் ஆகியவற்றையும் வெளிப்படையாக எண்ணினார். நிலம் என்பது அதில் வாழும் மக்களும் அவர்தம் ஊரும் இன்றி நிறைவடையாது என்பது இவ்விரிவின் உட்கிடை.

ஆட்டத்தின் மலைநிலத்தை இவ்வளவுகோலால் அளந்தால் அதன் வளமும் வறுமையும் ஒருங்கே தெரியும். முதற்பொருள் மிக அழகியது. அருவி, மூடுபனி, மலைச்சரிவில் விழும் ஒளி என ஒவ்வொன்றும் பொறுமையாகத் தீட்டப்பட்டுள்ளது. கருப்பொருளில் தெய்வம் உண்டு. மரமும் நீரும் உண்டு. இடிபாட்டில் சிக்கிய யானையை இருவரும் விடுவித்து அதன்மேல் ஏறிச் செல்லும் இனிய காட்சியும் உண்டு. ஆயின் ஊர் இல்லை, உழவரும் இல்லை, கோயிலில் விளக்கேற்றும் ஒருவரும் இல்லை. மலையில் காணப்படும் மக்கள் அனைவரும் துப்பாக்கி ஏந்திய படையினர். அவர்கள் சுடுவதற்கு உரியோர் மட்டுமே. மலைவெளியில் சிதறிக் கிடக்கும் போசளச் சின்னங்களை எல்லாம் திரட்டினால் ஆட்டக்காரர்க்கு மாணிக்கம் பதித்த கைவளை ஒன்று கிட்டும். அது அருகில் உள்ள பிற புதையல்களைக் காட்டிக் கொடுக்கும். ஊர் இல்லாத நிலத்தில் பழம்பொருள் யாருடைய நினைவும் ஆகாது. எடுப்பார் கைப்பொருளே ஆகும்.

இவ்வெறுமை தற்செயலானது அன்று. புதையல் வேட்டைக் கதைக்கு உரிமையாளர் இல்லாத நிலம் தேவை. மக்கள் வாழ்ந்தால் எடுத்தல் திருட்டாகிவிடும். அயல்நாட்டார் கீழைநாடுகளில் 'கண்டுபிடித்த' நகரங்கள் பற்றிய பழைய பயணக் கதைகளின் நிழல் இங்குப் படிந்துள்ளது. இந்திய வழிவந்த குளோயிக்கும் ஆப்பிரிக்கப் பெண்ணான நதீனுக்கும் வெள்ளையின நடிகையரான கிளாடியா பிளாக்கும் லாரா பெய்லியும் குரல் கொடுத்தமையும் இதனோடு சேர்த்து எண்ணத்தக்கது.

5. ஒடிந்த கொம்பும் தந்தையின் மழுவும்

இத்துணைக் குறைகளுக்குப் பின்னரும் இவ்வாட்டத்தை ஏன் மறுமதிப்பீடு செய்தல் வேண்டும்? விடை, அது தெரிந்தெடுத்த தொன்மத்தில் தொடங்குகிறது.

பிள்ளையாரின் கொம்பு ஒடிந்தமைக்குப் பல கதைகள் வழங்குகின்றன. வியாசர் சொல்லப் பாரதம் எழுதுதற்பொருட்டு ஒடித்துக்கொண்டார் என்பது ஒன்று. கயமுகாசுரனை அழித்தற்கு ஒடித்து எறிந்தார் என்பது தமிழ்நாட்டில் நன்கறிந்த மற்றொன்று. ஆட்டம் இவ்விரண்டையும் விடுத்துப் பரசுராமர் கதையை எடுத்துக்கொண்டது. சிவனைக் காண வந்த பரசுராமரை வாயிலில் பிள்ளையார் தடுக்கிறார். சினந்த பரசுராமர் சிவன் தமக்கு அளித்த மழுவை எறிகிறார். அது தந்தையின் படை என்றறிந்த மகன், அதனை எதிர்த்து வீழ்த்தாமல் தன் கொம்பில் ஏற்றுக்கொள்கிறார்.

எழுதிய கொம்பு அறிவின் குறி. அசுரனை அழித்த கொம்பு வீரத்தின் குறி. மழுவை ஏற்ற கொம்போ தந்தைவழி வந்த காயத்தின் குறி. குளோயி தேடும் பொருளும் அவளே. தன்னைவிடத் தந்தத்தைப் பெரிதெனக் கருதிய தந்தையின் செயல் அவள்மேல் எறியப்பட்ட மழு. அதனை அவள் சினத்தால் மறுக்கவும் இல்லை. கண்மூடித் தொடரவும் இல்லை. தந்தையின் தேடலை முடித்துவைக்கிறாள். முடித்தபின், அவர் செய்யாத ஒன்றைச் செய்கிறாள். பொருளைவிட மனிதரைப் பெரிதெனக் கொள்கிறாள். மரபுரிமை என்பது பெற்றதை அப்படியே வைத்துக்கொள்வது அன்று, அதன் வடுவையும் ஏற்று வேறுவழி செல்வது என்னும் இக்கருத்து, டிரேக்கின் நான்கு ஆட்டங்களிலும் இத்தெளிவோடு வெளிப்படவில்லை.

நதீனோடு அவள் கொள்ளும் உறவும் இதனை வலுப்படுத்துகிறது. டிரேக்கின் தமையன் சாம் இத்தேடலில் தன்னோடு தொடர்புடையவன் என்பதனைக் குளோயி மறைத்திருந்தாள். உண்மை தெரிந்ததும் நதீன் பிரிய முற்படுகிறாள். பின்னர் இருவரும் மெல்லமெல்ல நம்பிக்கையை மீட்கின்றனர். காதலோ குருதியுறவோ இன்றிப் பெண்கள் இருவரிடையே வளரும் நட்பை உரிப்பொருளாகக் கொண்ட சுடுதல் விளையாட்டுகள் மிகச் சிலவே.

6. சுடுதலும் காத்தலும்

சுடுதல் விளையாட்டுகள்மேல் வைக்கப்படும் குற்றச்சாட்டு ஒன்றுண்டு. கதையில் நல்லவராக வரும் தலைமாந்தர் ஆட்டத்தில் நூற்றுக்கணக்கானோரைக் கொல்கின்றார். கதை கூறும் அறமும் கை செய்யும் செயலும் முரண்படுகின்றன. 2007 இல் கிளிண்ட் ஹாக்கிங் என்னும் ஆட்ட வடிவமைப்பாளர் வேறோர் ஆட்டத்தைப் பற்றி எழுதியபோது இம்முரணுக்கு ஒரு பெயரிட்டார். 'அன்சார்ட்டட்' நான்காம் ஆட்டத்தை உருவாக்கியோர், ஆயிரம் பேரைக் கொன்ற ஆட்டக்காரர்க்கு வழங்கும் விருதுக்கு அப்பெயரையே சூட்டித் தம்மைத் தாமே நகையாடிக்கொண்டனர். நகையாடுதல் விடையாகாது.

'தி லாஸ்ட் லெகசி'யும் இம்முரணிலிருந்து தப்பவில்லை. எனினும் முடிவில் ஒரு விடையை நோக்கி நகர்கிறது. போர் தொடங்குமுன் ஊறு செய்யத் தகாதோரை விலகிச் செல்லுமாறு அறிவித்தலைப் புறநானூற்றின் 9 ஆம் பாடல் அறமாகப் போற்றுகிறது. படைக்கலம் ஏந்தாதோரை எவ்வாறு நடத்துகிறோம் என்பதே போரின் அறத்தை அளக்கும் கோல் என்பது அதன் உட்பொருள். மலைப்பகுதியில் படைக்கலம் ஏந்தாதோர் எவரும் இல்லாமையால் அங்குச் சுடுதலுக்கு அறமும் இல்லை, விலையும் இல்லை. தொடர்வண்டிக் காட்சியில் நிலை மாறுகிறது. சுடும் செயல் அதுவே. ஆயின் வண்டி செல்லும் திசையில் ஒரு நகரம் உள்ளது. அந்நகரில் மீனு இருக்கிறாள். தந்தம் கைக்கு வந்தும், தனக்கு உறவல்லாத ஓர் ஊருக்காக உயிரைப் பணயம் வைக்கிறாள் குளோயி. இறுதியில் தந்தத்தை விற்காமல் அரசின் பண்பாட்டுத் துறையிடம் ஒப்படைக்க அவர்கள் முடிவு செய்கின்றனர். மீனு அவர்களோடு அமர்ந்து உண்ணும் காட்சியோடு ஆட்டம் முடிகிறது.

இவ்விடத்தில் நாம் முன்னர்க் கண்ட குறைக்குப் புதிய பொருள் பிறக்கிறது. மலையில் இல்லாத ஊரை இறுதியில் கதை தேடிச் சென்று அடைகிறது. எடுப்பவளாக மலைக்குள் சென்றவள் காப்பவளாக ஊருக்கு மீள்கிறாள். படைத்தோர் இதனை முழுதும் எண்ணித்தான் அமைத்தனரா என்பது வேறு வினா. பனுவலில் அது உள்ளது என்பதே திறனாய்வுக்குப் போதுமானது. இம்மீட்சியும் அரைகுறையானதே, காக்கப்பட்ட நகரம் பேசுவதில்லை, மீனு ஒருத்தியே அதன் முகம். பேளூர் மக்களுக்கு அந்த ஒரு முகமும் கிட்டவில்லை.

முடிவுரை

மேற்கண்ட ஆய்வால் பின்வருவன பெறப்படுகின்றன. 'தி லாஸ்ட் லெகசி' போசளர் வரலாற்றுக்குச் சான்றாகாது. அதன் இடம், அளவு, பெயர், எல்லை, சமயம் ஆகிய அனைத்தும் திரிந்துள்ளன. இத்திரிபுகளின் வேர் மக்களற்ற நிலம் என்னும் கற்பனையில் உள்ளது. எனினும், அக்கற்பனையை அதன் கதை இறுதியில் மறுத்து, மரபுரிமை என்பது பொருளில் இல்லை, ஊரைக் காக்கும் பொறுப்பில் உள்ளது எனக் கூறுகிறது. அவ்வகையில் தன் வரிசையின் எண்ணிடப்பட்ட ஆட்டங்களைவிட இது சிந்தனையால் ஒரு படி உயர்ந்து நிற்கிறது.

இவ்வாய்வு நமக்கு இரு பணிகளைச் சுட்டுகிறது. முதலாவது, திணைக் கோட்பாட்டைச் சங்கப் பாடல்களுக்கு மட்டும் உரிய கருவியாக வைத்துக்கொள்ளாமல், நிலத்தைப் படைக்கும் புதிய ஊடகங்களை அளக்கவும் பயன்படுத்துதல். ஒரு விளையாட்டில் நிலம் உண்டா என்பதோடு நில்லாது, அந்நிலத்தில் ஊர் உண்டா எனக் கேட்க நம் இலக்கணம் நமக்குக் கற்றுத் தந்துள்ளது. இரண்டாவது, கன்னடத் துறையினரோடு இணைந்து போசளரின் இருமொழிக் கல்வெட்டுகளை இளைய தலைமுறை அறியும் வடிவில் கொண்டு செல்லுதல். பெங்களூரில் துருவா இண்டராக்டிவ் நிறுவனம் 1997 இல் தொடங்கப்பட்ட காலந்தொட்டு, அயல்நாட்டு ஆட்டங்களுக்கு உருவமும் களமும் தீட்டித் தரும் கைத்திறன் இந்நகரில் வளர்ந்துள்ளது. அக்கைத்திறனோடு கல்வெட்டறிவு சேருமாயின், தாசோஜனும் மல்லிதம்மனும் தம் பெயரோடு நடமாடும் பேளூரை, விளக்கெரியும் கோயிலும் உழவர் வாழும் ஊருமாக, ஆடக் கிடைக்கும் நாள் வரலாம். அத்தகைய ஆட்டத்தில் பேளூருக்குப் புகுவோர் எதனை எடுக்கலாம் எனத் தேடுமுன், அங்கு வாழ்வோர் யார் எனக் கேட்க வேண்டியிருக்கும்.